நண்பனுக்காக உயிரைக் கொடுக்கலாம்... கேட்டது யாரு?

(தளபதி, சுப்ரமணியபுரம், வட சென்னை, சார்பட்டா, மஞ்ஞும்மல் பாய்ஸ் எல்லாத்தோட கதையும் கீழே வரும். பார்க்காதவங்க பார்த்துட்டு வாங்க, கட்டுரை எங்கயும் ஓடிடாது!)

பட்டினப்பாக்கத்தில் இறங்கி, சீனிவாசபுரம் வழியா தெற்கே நடந்தால் அடையாறு கடலில் கலக்கும் இடம் வரும். அங்கே பாதியில் நிற்கும் ஒரு பாலத்தைப் பார்க்கலாம். 1967-ல் கட்டினது, 1977-ல் தண்ணீர் வேகத்தில் உடைந்தது. பெயரே உடைந்த பாலம்தான். கட்டினபோது எத்தனை பேர் அதில் நடந்தார்களோ தெரியாது, உடைந்த பிறகு தமிழ் சினிமா அதில் ஓயாமல் நடந்துகொண்டிருக்கிறது. சண்டை, காதல், கடத்தல், தத்துவம் எல்லாத்துக்கும் அதே லொக்கேஷன்.

பாலத்தைத் தாண்டி கேமரா குப்பத்துப் பக்கம் திரும்பினால் பெரும்பாலும் ஒரே கதைதான். நாலு பசங்க, ஒரு பகை, ஒரு கொலை, ஒரு துரோகம். நடுவில் "நண்பனுக்காக என்ன வேணா செய்வேன்" என்ற சத்தியம். விசில் பறக்கும். நாமும் அடிச்சிருக்கோம்.

இந்த விசுவாசப் படங்கள் எப்படி வேலை செய்யுது, ஏன் நம்மை இவ்வளவு ஆழமா தொடுது, அதில் நல்ல படம் எது, வெறும் சவுண்டு எது என்று கொஞ்சம் பிரிச்சுப் பார்ப்போம்.

நாலு ஸ்டெப் அல்காரிதம்

இந்த வகைப் படங்களின் எலும்புக்கூடு கிட்டத்தட்ட ஒன்றுதான்.

முதலில் ஒரு கடன். ஒருவன் இன்னொருவனைக் காப்பாற்றுவான், அல்லது யாரும் மதிக்காதவனை மதிப்பான். இரண்டாவது, சேர்ந்து படும் கஷ்டம். அடி, ஜெயில், பசி, போர் எதுவாகவும் இருக்கலாம். மூன்றாவது, சோதனை. நட்பு ஒரு பக்கம், குடும்பமோ காதலோ சட்டமோ இன்னொரு பக்கம். நான்காவது, விலை. யாராவது ஒருவன் உயிரையோ வாழ்க்கையையோ கொடுக்க வேண்டும்.

இது நம்ம ஊர் சொத்து மட்டும் இல்லை. அகிரா குரோசவாவின் செவன் சாமுராய் (1954), நம்ம அப்பாக்கள் மனப்பாடமா சொல்லும் ஷோலே (1975), ஹாங்காங்கில் ஜான் வூ எடுத்த எ பெட்டர் டுமாரோ (1986) என்று எல்லா ஊரிலும் இந்த நாலு படிகள் ஓடியிருக்கின்றன. நமக்கு இன்னும் பழைய வேர் உண்டு. கர்ணன் துரியோதனனிடம் பட்ட செஞ்சோற்றுக் கடன். தேரோட்டி மகன் என்று சபை சிரித்தபோது அங்க தேசத்தைக் கொடுத்தவனுக்காக, தப்பு என்று தெரிந்தே ஒருவன் போருக்குப் போகிறான். 1964-ல் சிவாஜி நடித்த கர்ணனைப் பார்த்து அழுத தாத்தாவும், 1991-ல் தளபதி பார்த்து அழுத அப்பாவும் ஒரே இடத்தில்தான் அழுதிருக்காங்க.

அடி வாங்கினா ஏன் ஒட்டிக்கிறோம்?

சேர்ந்து கஷ்டப்பட்டவர்கள் நெருக்கமாவது வெறும் சினிமா ரீல் இல்லை. ஆஸ்திரேலியாவில் பிராக் பாஸ்டியனும் அவர் சகாக்களும் 2014-ல் ஒரு ஆய்வு வெளியிட்டார்கள். ஒருவரையொருவர் தெரியாதவர்களைச் சேர்த்து, சில குழுக்களை ஐஸ் தண்ணீரில் கை வைக்கச் சொன்னார்கள், காரமான மிளகாய் சாப்பிடச் சொன்னார்கள். மற்ற குழுக்களுக்கு வலி இல்லாத சாதா வேலை. வலியைப் பகிர்ந்த குழுவில் ஒட்டுதலும் ஒத்துழைப்பும் அதிகமாக இருந்தது. மெஸ் சாப்பாடு ஒரு பேட்சையே ஒன்றாக்குவது எப்படின்னு இப்போ புரியுதா?

அதே ஆண்டு, லிபியாவில் கடாஃபிக்கு எதிராகப் போரிட்டவர்களிடம் நடத்திய இன்னொரு ஆய்வும் வந்தது. துப்பாக்கி தூக்கி முன்வரிசையில் நின்றவர்களில் கணிசமானோர், சொந்தக் குடும்பத்தைவிடத் தங்கள் படைப்பிரிவோடுதான் அதிகம் கலந்துபோனதாக உணர்ந்தார்கள். பின்னால் நின்று உதவி செய்தவர்களிடம் இது குறைவாக இருந்தது. சேர்ந்து பட்ட ஆபத்து உறவையே மாற்றி எழுதிவிடுகிறது.

மெக்கானிக்கல் பசங்களுக்கு இதை வேறு மாதிரி சொல்லலாம். உலோகத்தைக் குளிர்ந்த நிலையில் அடிக்க அடிக்க அதன் வலிமை கூடும். ஒர்க் ஹார்டனிங். ஆனா கூடவே ஒன்று குறையும், அதுதான் டக்டிலிட்டி. அதாவது வளைந்து கொடுக்கும் தன்மை. ரொம்ப அடித்த கம்பி வளையாது. ஒரு கட்டத்தில் பட்டென்று உடையும். அடியில் மட்டுமே உருவான நட்புக்கும் இந்த குணம் இருக்கு. நல்ல இயக்குநர்களுக்கு இது தெரியும். சுமாரான படங்கள் வலிமையை மட்டும் காட்டும், உடையும் இடத்தைக் காட்டாது.

தளபதி: கடனை யார் அடைச்சது?

தளபதியில் சூர்யா (ரஜினி) தேவாவின் (மம்மூட்டி) ஆளைக் கொன்றுவிடுகிறான். கொன்ற காரணத்தில் நியாயம் இருக்கிறது என்று தெரிந்ததும் தேவாவே அவனை வெளியே கொண்டு வருகிறான். அங்கே ஆரம்பிக்கிறது கடன். பிறகு எதிரே நிற்கும் கலெக்டர் தன் தம்பி என்று தெரிந்தும் சூர்யா தேவாவை விட்டு நகரவில்லை. இதுவரை மகாபாரதம் அப்படியே.

மணிரத்னம் எங்கே மாற்றுகிறார் என்று கவனிங்க. தம்பி என்று தெரிந்தும் சூர்யா தன்னோடு நின்றான் என்று அறிந்த நிமிடம் தேவா உடைகிறான். பகையே வேண்டாம், விட்டுவிடலாம் என்ற முடிவுக்கு வருகிறான். அந்த நேரத்தில்தான் அவன் கொல்லப்படுகிறான். இதில் கர்ணன் பிழைக்கிறான், துரியோதனன் சாகிறான். தன் நண்பனின் விசுவாசத்துக்கு விலை கேட்காமல், அதிலிருந்து அவனை விடுவிக்க நினைத்த துரியோதனன் இவன். படத்தின் பெரிய காட்சி எது என்று கேட்டால் பலரும் சண்டையைச் சொல்வாங்க. என் ஓட்டு தேவா மனசு மாறும் அந்த இடத்துக்குத்தான். விசுவாசத்தை வாங்கிக்கொள்பவனுக்கும் ஒரு பொறுப்பு உண்டு என்று சொன்ன படம் நம்மிடம் ரொம்பக் கம்மி.

ரிமோட் யார் கையில?

தேவா மாதிரி ஒருவன் இல்லாவிட்டால் என்ன ஆகும்? 2008-ல் சசிகுமார் அதற்குப் பதில் சொன்னார்.

சுப்ரமணியபுரம் நடப்பது 1980 மதுரையில். அழகர், பரமன், காசி, வேலை வெட்டி இல்லாத கூட்டாளிகள். தெருவில் ஒரு பெரிய வீடு. ஜெயிலில் இருந்து எடுத்துவிட ஆள் உண்டு, கைச்செலவுக்குக் காசு உண்டு, "நம்ம பசங்க" என்ற மரியாதை உண்டு. அந்த வீட்டு அரசியல்வாதிக்குக் கட்சிப் பதவி போனதும், அவர் தம்பி கனகு கண்ணீரோடு பேசுகிறான். பசங்க கொலை செய்துவிட்டு வருகிறார்கள். காரியம் முடிந்ததும் கனகு அவர்களை மறந்துவிடுகிறான். ஜெயிலில் இருந்து மீட்க இன்னொருவன் வருகிறான், அவனுக்கும் ஒரு கொலை தேவைப்படுகிறது.

யோசிச்சுப் பாருங்க. அழகருக்கும் பரமனுக்கும் நடுவில் இருக்கும் நட்பு உண்மை. ஆனால் அந்த நட்பை எரிபொருளாகப் போட்டு ஓட்டியவர்கள் வேறு. ஒவ்வொரு முறையும் கஷ்டம் வெளியிலிருந்து வருகிறது, அதன் லாபம் வெளியே போகிறது. பசங்களுக்கு மிச்சம், கடைசியில் காசியின் துரோகம்.

வெற்றிமாறனின் வட சென்னை (2018) இன்னும் ஒரு படி மேலே போகிறது. படம் திறப்பதே 1987-ல் ஒரு ஓட்டலில், ரத்தம் படிந்த ஆயுதத்தைச் சுற்றி நாலு பேர் உட்கார்ந்திருக்கும் காட்சியில். அவர்கள் கொன்றது பகையாளியை இல்லை, தங்களை வளர்த்த ராஜனை. குப்பத்து மக்களை அப்புறப்படுத்தும் திட்டத்துக்குக் குறுக்கே நின்றவன் ராஜன். அந்த நாலு பேரின் ஒற்றுமையும் ஒரு "சேர்ந்து செய்த காரியத்தில்" உருவானதுதான். அடுத்த சில நிமிடங்களிலேயே விரிசல் விடுகிறது. கடைசி வரை படத்தில் கேட்கப்படும் கேள்வி "யார் யாருக்கு விசுவாசம்?" இல்லை. "இந்த நிலம் யாருக்கு?" என்பதுதான். கூட்டாளிகள் ஒருத்தரையொருத்தர் வெட்டிக்கொள்ளும்வரை அந்தக் கேள்வியை யாரும் கேட்க மாட்டார்கள் என்பது பெரிய மனிதர்களின் கணக்கு.

பா. ரஞ்சித்தின் மெட்ராஸ் (2014) இதே கணக்கை ஒரு சுவரை வைத்துச் சொன்னது. காளியின் உயிர் நண்பன் அன்பு அந்தச் சுவருக்காகச் செத்துப்போகிறான். கொன்ற கை எதிரணியின் கை என்று நினைத்துக்கொண்டிருக்கும்போது, சொந்த ஆளின் கையும் அதில் இருந்தது தெரிய வருகிறது.

ரிங்குக்குள் ஒரு நியாயம்

சார்பட்டா பரம்பரை (2021) ஏன் இவ்வளவு பிடித்தது? சண்டைக்கு விதி இருப்பதால். ரவுண்டு உண்டு, மணி உண்டு, வாத்தியார் உண்டு. தோற்றால் சாவு இல்லை, அவமானம்தான். பின்னி மில்லில் மூட்டை தூக்கும் கபிலன், ரங்கன் வாத்தியாரின் மானத்துக்காக வேம்புலி முன்னால் நிற்கிறான். ஜெயிக்கப்போகும் நேரத்தில் ஆட்டமே கலைக்கப்படுகிறது. அதன்பிறகு சாராயம், கத்தி, ஜெயில். அதே கபிலன், அதே உடம்பு. விதி இருந்த இடத்தில் வீரனாக இருந்தவன், விதி இல்லாத இடத்தில் ரவுடி ஆகிறான். அவன் அப்பாவுக்கும் இதுதான் நடந்தது என்பதால்தான் அம்மா பாக்கியம் ஆரம்பத்திலேயே விளக்குமாறு தூக்குகிறாள்.

பில் யார் கட்டுறாங்க என்பதையும் இந்தப் படம் மறைக்கவில்லை. நட்பு, பரம்பரை, மானம் என்று ஆம்பளைங்க பேசிக்கொண்டிருக்கும்போது வீட்டில் குழந்தையோடு உட்கார்ந்திருப்பது மாரியம்மா. இந்த வகைப் படங்களில் பெண்கள் பெரும்பாலும் குறுக்கே நிற்பவர்கள், இல்லையென்றால் காட்டிக்கொடுப்பவர்கள். சுப்ரமணியபுரம் துளசியை நினைச்சுப் பாருங்க. மாரியம்மா இரண்டும் இல்லை. கணக்கு கேட்கிறவள். நாடோடிகளும் (2009) ஒரு கணக்குதான் கேட்டது. நண்பனின் காதலைச் சேர்த்து வைக்கப் போய் ஒருவனுக்குக் கால் போகிறது, ஒருவனுக்குக் காது போகிறது. சேர்த்து வைத்த ஜோடி கொஞ்ச நாளில் சாதாரணமாகப் பிரிந்துவிடுகிறது. அப்போ போன காலுக்கு யார் பதில்?

பகை வேணுமா, கயிறு போதுமா?

இங்கேதான் ஒரு சந்தேகம் வரும். நெருக்கம் வர எதிரி கட்டாயம் வேண்டுமா?

1954-ல் அமெரிக்காவின் ஓக்லஹோமாவில் முசாபர் ஷெரீப் என்ற உளவியலாளர் 22 சிறுவர்களை ஒரு முகாமுக்கு அழைத்துப்போய் இரண்டு அணியாகப் பிரித்தார். போட்டி வைத்தார். சீக்கிரமே ஒரு அணி இன்னொரு அணியின் கொடியை எரிக்கும் அளவுக்குப் பகை முற்றியது. அணிக்குள் ஒற்றுமை உச்சத்தில் இருந்தது. அந்தப் பகைக்குத் தூபம் போட்டதே முகாமை நடத்திய பெரியவர்கள்தான் என்ற விமர்சனம் பின்னாளில் வந்தது. கனகுவும் இதைத்தானே செய்தான்! அப்புறம் ஷெரீப் இரண்டு அணிக்கும் பொதுவான பிரச்சினைகளை உருவாக்கினார். தண்ணீர் வரவில்லை. சாப்பாடு கொண்டுவரும் லாரி கிளம்பவில்லை. பசங்க கயிறு கட்டி லாரியை இழுத்தார்கள். எந்தக் கயிறு தெரியுமா? முன்னே இரண்டு அணியும் எதிரெதிராக நின்று வடம் இழுத்த அதே கயிறு. பகை கரைய ஆரம்பித்தது.

இப்போ மஞ்ஞும்மல் பாய்ஸ் (2024) ஞாபகம் வருதா? கொச்சி பக்கத்திலிருந்து 2006-ல் கொடைக்கானல் வந்த நண்பர்களில் ஒருவன் குணா குகையின் குழியில் விழுந்துவிடுகிறான். இன்னொருவன் கயிற்றைக் கட்டிக்கொண்டு இறங்குகிறான். உண்மையில் நடந்தது. படத்தில் இவர்கள் ஊரில் வடம் இழுக்கும் அணி. அங்கே இழுத்த பயிற்சிதான் இங்கே இரண்டு உயிரை மேலே கொண்டுவருகிறது. வில்லன் கிடையாது, பழிவாங்கல் கிடையாது. இருந்தும் தியேட்டரில் எல்லாரும் சீட்டு நுனியில். குணா படத்தின் காதல் பாட்டு, நண்பர்களின் பாட்டாக மாறியது. சின்ன ட்ரிவியா: குணாவும் தளபதியும் ஒரே நாளில், 1991 தீபாவளிக்கு வந்த படங்கள். உயிரைக் கொடுக்கும் நட்பைத் தளபதி சொன்னது. உயிரை மீட்கும் நட்புக்கு, 33 வருஷம் கழித்து குணா பாட்டு கொடுத்தது.

பட்டினப்பாக்கத்துக்கே திரும்பினால், அங்கே கயிறு இழுப்பது சினிமா இல்லை, தொழில். கரைவலை இழுக்கும்போது இரண்டு பக்கமும் ஆட்கள் நின்று ஒரே தாளத்தில் இழுக்க வேண்டும். ஒருவன் தளர்ந்தால் மற்றவன் கையில் சுமை ஏறும். ஃபைபர் படகில் விடியலுக்கு முன் போகும் சில பேர், ஒருவர் கையை ஒருவர் நம்பித்தான் போகிறார்கள். டீசல் செலவு போக மீதி பங்கு பிரிக்கப்படும். படகுக்கு, வலைக்கு, ஆட்களுக்கு என்று தனித்தனி பங்கு. விசுவாசம் இருக்கிறது, கூடவே கணக்கும் இருக்கிறது. 2004 டிசம்பர் 26 சுனாமியில் சீனிவாசபுரம் உயிர்களையும் வீடுகளையும் இழந்தது. அதே கடலுக்குத்தான் அவர்கள் திரும்பப் போனார்கள். 2015 டிசம்பரில் அடையாறு பொங்கி நகரம் மூழ்கியபோது, சென்னைக் கடற்கரை மீனவர்கள் படகுகளோடு தெருக்களுக்குள் வந்து முன்பின் தெரியாதவர்களை மாடிகளிலிருந்து இறக்கினார்கள். கஷ்டத்தில் உருவான ஆண்களின் தோழமைக்கு இதைவிட நல்ல கதை வேண்டுமா? கேரள வெள்ளத்தையும் அங்கே படகோடு வந்த மீனவர்களையும் வைத்து 2018 என்றே படம் எடுத்து 2023-ல் ஓட வைத்தார்கள். நம்ம குப்பத்துக்கு வரும் கேமரா இன்னும் பெரும்பாலும் கத்தியைத்தான் தேடுது.

பக்கத்திலேயே ஒரு விதிவிலக்கு உண்டு. ராஜா அண்ணாமலைபுரத்தின் பின்கோடைப் பெயராக வைத்த சென்னை 600028 (2007). ராயபுரம் ராக்கர்ஸ் பையன் ரகு, வீடு மாறி எதிரணி ஷார்க்ஸின் தெருவுக்கே குடிவருகிறான். எந்த டீமுக்கு விசுவாசமாக இருப்பது? தளபதியின் பிரச்சினையேதான், ஆயுதம் மட்டும் ரப்பர் பால். நண்பனின் தங்கையைக் காதலித்து சட்டையைப் பிடிக்கும் அளவுக்குச் சண்டை போட்டு, மறுபடி சேர்ந்து விளையாடுகிறார்கள். உடையாமல் வளைகிறார்கள். டக்டிலிட்டி!

சரி, நமக்கு என்ன?

நமக்கு நிறைய இருக்கு. சென்னையில் "ரூட்டு தல" என்ற பெயரில் பஸ் ரூட்டுக்கும் ரயில் ரூட்டுக்கும் அடித்துக்கொள்ளும் மாணவர்களைப் பற்றி வருஷா வருஷம் செய்தி வருகிறது. 2019 ஜூலையில் அரும்பாக்கத்தில் ஓடும் பஸ்ஸை மறித்துப் பட்டாக்கத்தியோடு மாணவர்கள் மாணவர்களை வெட்டிய வீடியோவை நாடே பார்த்தது. அவர்களிடம் போய்க் கேட்டால் நட்பு, மானம், நம்ம ரூட் என்றுதான் சொல்வார்கள். ராகிங்குக்கும் இதே வசனம்: "கஷ்டப்படுத்தினாத்தான் பாண்டிங் வரும் மச்சான்." வலி ஒட்ட வைக்கும் என்பது உண்மை. அதனால்தான் அதை யாராவது செயற்கையாகத் தயாரிக்கும்போது பயப்பட வேண்டும். தமிழ்நாட்டில் 1997-லேயே ராகிங் தடைச் சட்டம் கொண்டுவர வேண்டி வந்தது ஒரு மருத்துவ மாணவரின் கொலைக்குப் பிறகு.

திருவள்ளுவர் நட்புக்கு ஒரு அதிகாரம் எழுதிவிட்டு உடனே அடுத்த அதிகாரத்துக்கு வைத்த பெயர் நட்பாராய்தல். கொஞ்சம் தள்ளி தீ நட்பு, கூடா நட்பு. நம்ம பஞ்ச் டயலாக் எல்லாம் 79-வது அதிகாரத்தோடு நின்றுவிடுகிறது. நல்ல படங்கள் 80-ஐயும் திருப்பிப் பார்க்கின்றன.

அடுத்த முறை ஒரு விசுவாசப் படம் பார்க்கும்போது மூணு கேள்வி கேட்டுப் பாருங்க. இந்தக் கஷ்டத்தை உண்டாக்கியது யார்? இந்த விசுவாசத்தால் லாபம் யாருக்கு? "நீ வர வேணாம்டா, வீட்டுக்குப் போ" என்று சொல்ல இந்த நண்பனால் முடியுமா?

மூணாவது கேள்விக்கு "முடியும்" என்று பதில் வந்தால் தைரியமா விசில் அடிங்க. படத்துக்கு மட்டும் இல்ல, நம்ம கேங்குக்கும் இதே டெஸ்ட்தான்.